பீப்பாய்க்குச் சொல்லாத சாவு

எங்கள் குன்றில் பனிக்காலத்தில் நாலு பேர் கூடினால், ஒயின் காய்ச்ச ஹெர்மினாவைத்தான் கூப்பிடுவார்கள். பன்றி அறுக்கிற நாளோ, கோயில் திருவிழாவோ, சாவு வீடோ, எதுவானாலும் சரி. அவள் வந்து அடுப்படியில் நின்றால் மற்ற பெண்கள் தாமாக ஒதுங்கிக்கொள்வார்கள். ஒதுங்காவிட்டால் வாங்கிக் கட்டிக்கொள்ள வேண்டியதுதான். திராவா ஆற்றுக்கு அக்கரையிலிருந்து வாழ்க்கைப்பட்டு வந்தவள், வாய் கொஞ்சம் நீளம். வந்த புதிதில், மாமியாரின் பானையில் ஒயின் தளதளவென்று கொதிப்பதைப் பார்த்துவிட்டு, "கொன்னு போட்டீங்களே அத்தை, இதுக்கு வெந்நீரையே ஊத்திக் குடுத்திருக்கலாமே" என்று பத்துப் பேர் நடுவில் சொன்னவள். அந்த அம்மாள் கரண்டியை மருமகள் கையில் கொடுத்தார். அதைத் திரும்ப வாங்கவே இல்லை.

அவள் காய்ச்சுகிற விதமே தனி. எங்கள் மண்ணில் விளைவது வெள்ளை ஒயின், வைக்கோல் நிறத்தில் இருக்கும், புளிப்பு கொஞ்சம் முன்னால் நிற்கும். முதலில் ஒரு குவளைத் தண்ணீரில் பட்டை, கிராம்பு, பத்துப் பன்னிரண்டு மிளகு, சீவிய எலுமிச்சைத் தோல் எல்லாவற்றையும் போட்டு நன்றாகக் கொதிக்க விடுவாள். வாசனை இறங்கியதும் தேன். அதன் பிறகு பானையை விறகடுப்பின் ஓரத்துக்கு நகர்த்தி வைத்து, அப்புறம்தான் ஒயினை ஊற்றுவாள். ஓரத்தில் வெள்ளையாய் நுரை கட்டத் தொடங்கும்போது இறக்கிவிட வேண்டும். ஒரு கொதி வந்தாலும் போச்சு. கரண்டி நுனியால் தொட்டு நாக்கில் வைத்துப் பார்த்துவிட்டுச் சாம்பலில் துப்பிவிடுவாள். காய்ச்சுகிறவள் எல்லாருக்கும் கடைசியில்தான் குடிக்க வேண்டும் என்பது அவள் சட்டம்.

அவள் புருஷன் அன்செல்ம் அதிகம் பேசாதவன். இவள் ஒன்பது வார்த்தை பேசினால் அவன் அரை வார்த்தை பேசுவான், அதுவும் இருமலுக்கு நடுவில். ஆனால் குன்றிலேயே நல்ல ஒயின் அவனுடையது என்பதில் யாருக்கும் சந்தேகம் கிடையாது. செங்குத்தான சரிவில் டிராக்டர் ஓட்டப் பயப்படாதவன், பன்றி கத்துகிற சத்தத்துக்குப் பயப்படுவான். கேட்டால் சிரிப்பீர்கள். வீட்டில் பன்றி அறுக்கிற அன்று காலையிலேயே ஆள் மேல்தோட்டத்துக்கு நழுவிவிடுவான். சாயங்காலம், குடலில் ரத்தம் திணித்துச் செய்த முதல் ரத்தப் பணியாரம் வாணலியில் விழுந்த பிறகு, மகன் கிரேகோர் போய், "அப்பா, எல்லாம் முடிஞ்சிருச்சு, வாங்க" என்று கூட்டிக்கொண்டு வருவான். வருடா வருடம் இதே கதை, வருடா வருடம் இதே கிண்டல்.

போன அக்டோபரில், திராட்சை பிழிந்து முடித்த கையோடு, அந்த மேல்தோட்டத்திலேயே டிராக்டர் கவிழ்ந்து அன்செல்ம் செத்துப்போனான். ஹெர்மினா அப்போது ரொட்டியும் வெங்காயமும் எடுத்துக்கொண்டு சரிவில் ஏறிக்கொண்டிருந்தாள். எல்லாவற்றையும் அவள் கண்ணால் பார்த்தாள்.

எங்கள் பக்கத்தில் ஒரு முறை உண்டு. வீட்டு எஜமான் செத்துப்போனால், சவப்பெட்டி வாசலைத் தாண்டுவதற்கு முன்னால் வீட்டுக்காரி போய்ச் சொல்லிவிட்டு வர வேண்டும். மாட்டுக்குச் சொல்ல வேண்டும், தேனீப்பெட்டிக்குச் சொல்ல வேண்டும், நிலவறையில் இருக்கும் ஒயினுக்குச் சொல்ல வேண்டும். பீப்பாயை மூன்று தட்டுத் தட்டி, உங்கள் எஜமான் செத்துப்போனார், இனி உங்கள் எஜமான் இன்னார் என்று வாய்விட்டுச் சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் தேனீ செத்துவிடும், ஒயின் கெட்டுவிடும் என்பார்கள். கெடுவதென்றால் புளித்துப்போவது என்றுதான் நாங்கள் எல்லாரும் நினைத்துக்கொண்டிருந்தோம்.

ஹெர்மினா மாட்டிடம் சொன்னாள். தேனீக்களிடம் சொன்னாள். பிறகு நிலவறைப் படி இறங்கினாள். உள்ளே புதுச் சாறு பீப்பாய்க்குள் குமுகுமுவென்று நொதித்துக்கொண்டிருந்தது. அன்செல்ம் தன் கையால் பிழிந்து ஊற்றிய சாறு. செத்த அன்று காலையில்கூட அதில் காது வைத்துக் கேட்டுவிட்டுத்தான் தோட்டத்துக்குப் போனான். தட்டுவதற்குத் தூக்கிய கை அப்படியே நின்றுவிட்டது. இந்த வீட்டில் ஒன்றாவது தெரியாமல் இருக்கட்டுமே என்று அவளுக்குத் தோன்றிவிட்டது. கதவைச் சாத்திக்கொண்டு மேலே வந்தாள்.

"சொல்லிட்டியா மினா?" என்று கேட்டாள் ஓட்டிலியா. அன்செல்முக்கு மூத்த அக்காள், சாவுச் சடங்கு எதிலும் ஒரு நூல் பிசகக் கூடாது அவளுக்கு.

"சொல்லிட்டேன் அண்ணி."

வாயில் பொய்யே வராதவள் ஹெர்மினா. அன்றைக்கு வந்தது.

கிரேகோர் பட்டாளத்தில் இருந்தான். சாவுக்கு வந்தவன் ஒரு சொட்டுக் கண்ணீர் விடவில்லை. மண்ணைப் போட்டுவிட்டு, மறுநாளே ரயிலேறிப் போய்விட்டான். மலை மாதிரி நின்ற பையனைப் பார்த்து ஊர் மெச்சியது. ஹெர்மினாவுக்கு மட்டும் அது நல்லதாகப் படவில்லை.

ஒயின் புளிக்கவில்லை. நவம்பரில் தெளிந்து, கண்ணாடி போல வந்தது. பார்த்தாயா, சொல்லாமல் விட்டதால் என்ன குடி முழுகிப்போயிற்று என்று ஹெர்மினா தன்னையே தேற்றிக்கொண்டாள்.

டிசம்பர் முதல் வாரத்தில், புனித நிக்கோலாஸ் நாள் சாயங்காலம், ஓட்டிலியா வால்நட் ரொட்டி சுட்டு எடுத்துக்கொண்டு தம்பி பெண்டாட்டியைப் பார்க்க வந்தாள். ஹெர்மினா புதுப் பீப்பாயைத் திறந்து ஒரு ஜாடி பிடித்து வந்து காய்ச்சினாள். ஓட்டிலியா குவளையை இரண்டு கையாலும் பிடித்து ஊதி ஊதிக் குடித்தாள். பாதி குடித்ததும் சன்னல் பக்கம் பார்த்தாள்.

"இருட்டிருச்சே, இந்தப் பய இன்னும் தோட்டத்துல என்ன பண்றான்? அவனுக்கும் கொஞ்சம் பானையில வச்சிரு மினா. ஆறிப்போனா குடிக்க மாட்டான்."

ஹெர்மினா கரண்டியைக் கீழே வைத்தாள். "யாருக்கு அண்ணி?"

"என்னடி கேள்வி இது, அன்செல்முக்குத்தான். எத்தனை புருஷன் வச்சிருக்க நீ?" என்று சொல்லிவிட்டு அந்த அம்மாள் தன் நகைச்சுவைக்குத் தானே சிரித்தாள். உடம்பெல்லாம் கறுப்பு உடுத்தி, தம்பிக்காகத் துக்கம் காத்துக்கொண்டிருந்தவள் அப்படிச் சிரித்தாள். போகும்போது, "வந்தா நாளைக்கு என் கூரையைக் கொஞ்சம் பார்க்கச் சொல்லு" என்றும் சொல்லிவிட்டுப் போனாள். மறுநாள் காலை கல்லறைக்குப் பூ வைக்கக் கூப்பிட வந்தாள். முந்தின நாள் பேச்சில் ஒரு வார்த்தைகூட அவளுக்கு நினைவில்லை.

தபால்காரனுக்குக் கொடுத்துப் பார்த்தாள் ஹெர்மினா. அவனும் அப்படித்தான். ஒரு குவளை உள்ளே போனதும், "அன்செல்ம் அண்ணன் கையெழுத்துப் போடணும், எங்க அவரு?" என்றான். பீப்பாய்க்குத் தெரியாததைப் பீப்பாயிலிருந்து குடித்தவர்களும் மறந்துவிடுகிறார்கள். இவ்வளவுதான் விஷயம்.

வேறு யாராவதாக இருந்தால் அந்தக் கணமே நிலவறைக்கு ஓடிப்போய்ச் சொல்லியிருப்பார்கள். ஹெர்மினா ஓடவில்லை. ஏன் என்றால், அன்றிலிருந்து ஒரு சத்தம் கேட்கத் தொடங்கியது. பொழுது சாயும் நேரத்தில் மேல்தோட்டத்துப் பாதையில் ஒரு இருமல். அவளுக்குத் தெரியாத இருமலா அது? யாராவது அந்த ஒயினைக் குடித்துவிட்டு அவனைப் பற்றிப் பேசும்போதெல்லாம் இருமல் கொஞ்சம் கிட்டத்தில் வந்தது. பாதையிலிருந்து வேலிப்படல் வரைக்கும். படலிலிருந்து கிணற்றடி வரைக்கும். ஒருநாள் வாசலில், பூட்சில் ஒட்டிய மண்ணைச் சுரண்டும் இரும்புத் தகட்டில் சர்ரக் சர்ரக் என்று இரண்டு தரம் கேட்டது. கதவைத் திறந்தாள். யாரும் இல்லை. தரையெல்லாம் இரும்பாய் உறைந்து கிடக்கிற காலத்தில், தகட்டில் ஈர மண் ஒட்டியிருந்தது. அக்டோபர் மாதத்து மண்.

அவள் பயந்தாள், இல்லை என்று சொல்லமாட்டேன். ஆனால் பயத்தைவிடச் சந்தோஷம் பெரிதாக இருந்தது. கதவைத் தாழ்ப்பாள் போடாமல் படுத்தாள். தான் மட்டும் ஒரு வாய்கூட அந்த ஒயினைக் குடிக்கவில்லை. குடித்தால் அவன் செத்ததே மறந்துவிடும். மறந்துவிட்டால், வருகிறவனை நினைத்து ஏங்குவது எப்படி? அவளுக்கு அந்த ஏக்கமும் வேண்டியிருந்தது.

இந்த நிலையில்தான் பன்றி அறுக்கும் நாள் வந்தது. அறுப்பவன் ருடி, அன்செல்முக்குச் சின்ன வயதிலிருந்து கூட்டாளி. சாவு வீட்டுக்குப் பாரம் வைக்கக் கூடாது என்று தன் வீட்டு ஒயினையே இரண்டு பெரிய ஜாடி நிறையக் கொண்டுவந்திருந்தான். ஹெர்மினா அதை வாங்கி அலமாரிக்கு அடியில் தள்ளினாள். நிலவறைக்குப் போய்ப் புதுப் பீப்பாயிலிருந்து பெரிய பானை நிறையப் பிடித்து வந்தாள். தெரிந்தே செய்தாள். ஒருத்தர் பேசினால் வாசல் வரைக்கும் வந்தவன், வீடு நிறைய ஆட்கள் பேசினால் உள்ளேயே வந்துவிடமாட்டானா என்பதுதான் அவள் கணக்கு.

"என்ன தங்கச்சி, இன்னைக்குத் தேன் கொஞ்சம் தூக்கலா இருக்கே" என்றான் ருடி, முதல் குவளையைக் காலி செய்துவிட்டு.

"உங்க நாக்குக்கு எல்லாமே தூக்கல்தான். நீங்க பன்னியைப் பாருங்கண்ணே."

பன்றி கத்தி அடங்கியது. வெந்நீர் ஊற்றி மயிர் சுரண்டினார்கள். ஆண்கள் வெட்ட, பெண்கள் குடல் கழுவ, ஹெர்மினா நடுநடுவே குவளைகளை நிரப்பிக்கொண்டே இருந்தாள். மத்தியானத்துக்குள் எல்லாருக்கும் மறந்துபோயிற்று.

"அன்செல்ம் எங்க?" என்றான் ருடி.

"எங்க இருப்பான், மேல்தோட்டத்துல காதைப் பொத்திக்கிட்டு உக்காந்திருப்பான்" என்றாள் ஓட்டிலியா. "நம்ம குடும்பத்துல இப்படி ஒரு கோழை எங்கிருந்துதான் வந்து பிறந்தானோ."

"பன்னி செத்து மூணு மணி நேரம் ஆச்சு. அதுவே எந்திரிச்சுப் போய் அவனைக் கூட்டிட்டு வந்தாத்தான் வருவான் போல" என்றான் ருடி.

சமையலறை முழுக்கச் சிரித்தது. ஹெர்மினாவும் சிரித்தாள். கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தாள். அவள் வீடு பழையபடி ஆகிவிட்டது. வெளியே கிணற்றடியில் இருமல் கேட்டது, இந்தத் தடவை மற்றவர்களுக்கும் கேட்டது. யாரும் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

மூன்று மணி வாக்கில் பனி கொட்டத் தொடங்கியது. ஹெர்மினா பின்கட்டில் நின்று ரத்தத்தையும் கோதுமைக் குருணையையும் பிசைந்து குடலில் திணித்துக்கொண்டிருந்தாள். கை முழங்கை வரை சிவப்பு. முன்பக்கம் ஏதோ வரவேற்புச் சத்தம் கேட்டது. யாரோ அண்டைவீட்டார் என்று இருந்துவிட்டாள். முதல் சுற்றைத் தட்டில் வைத்து வாணலியில் போட எடுத்துக்கொண்டு வந்தபோது, பெஞ்சின் மேல் ஒரு பட்டாளத்துப் பை கிடந்தது.

"இது யாருது?"

"உன் மகனுதுதான்" என்றான் ருடி. "ஒரு நாள் முன்னாடியே லீவு குடுத்துட்டாங்களாம். பாவம், விறைச்சுப் போய் வந்தான். ரெண்டு குவளை ஊத்திக் குடுத்தேன், மடக்மடக்குனு குடிச்சான்."

ஹெர்மினா தட்டோடு வாசலைப் பார்த்தாள். மகன் நாளைக்குத்தான் வருவான், அதற்குள் பானையைக் கழுவிக் கவிழ்த்துவிடலாம் என்று இருந்தாள். "அவன் எங்க இப்ப?"

"எங்கன்னா? பணியாரம் வாணலிக்கு வரப்போகுதுல்ல. அப்பனைக் கூட்டிட்டு வரப் போயிருக்கான்."

மேல்தோட்டத்துக்கு அந்தப் பக்கம் பள்ளம். செங்குத்தாக இறங்கி, அடியில் பாறையும் ஓடையுமாகக் கிடக்கும். டிராக்டர் கவிழ்ந்து விழுந்ததும் அதற்குள்தான். பனி மூடினால் தோட்டம் எங்கே முடிகிறது, பள்ளம் எங்கே தொடங்குகிறது என்று பிறந்து வளர்ந்தவனுக்கே தெரியாது.

ஹெர்மினா தட்டைப் போட்டுவிட்டு வெளியே ஓடினாள். சரிவின் பாதிக்கு மேல் ஒரு கறுப்பு உருவம் ஏறிக்கொண்டிருந்தது. "கிரேகோர்" என்று அடித்தொண்டையில் கத்தினாள். அவன் திரும்பவில்லை. "இருங்கப்பா, நானும் வர்றேன், கொஞ்சம் இருங்க" என்று மேலே பார்த்துச் சொல்லிக்கொண்டே போனான். அவன் குரலில் அவ்வளவு சந்தோஷம். அவனுக்கும் மேலே, பனி மறைத்த இடத்திலிருந்து இருமல் கேட்டது. வீட்டை நோக்கித் தினமும் ஒவ்வொரு அடியாக இறங்கி வந்த இருமல், இப்போது ஏறிப் போய்க்கொண்டிருந்தது.

அவளுக்கு அப்போதுதான் உறைத்தது. செத்தவனுக்கு அவன் செத்தது தெரியாது. அவன் வழக்கம்போல மகனோடு நடக்கிறான். எந்த இடத்தில் அவன் நடை நின்றுபோயிற்றோ அந்த இடத்துக்கு.

ஓடினாலும் எட்டாது என்று தெரிந்தது. அவள் திரும்பி நிலவறைக்கு ஓடினாள். ரத்தக்கையோடு அவள் படியிறங்குவதைப் பார்த்த ஓட்டிலியா, "என்னடி, ஒயின் தீர்ந்துபோச்சா?" என்று கேட்டாள்.

நிலவறை இருட்டில் பீப்பாய் பேசிக்கொண்டிருந்தது. தெளிந்து வாரக்கணக்கான ஒயின், அக்டோபரில் போலக் குமுகுமுவென்றது. அவள் தொட்டாள். மரம் உடம்புச்சூடாக இருந்தது. அந்தச் சூட்டில் கன்னத்தை வைத்துக்கொண்டு அங்கேயே கிடந்துவிடலாம் போல இருந்தது அவளுக்கு. கையை ஓங்கி மூன்று தட்டுத் தட்டினாள். வாயைத் திறந்தாள். சத்தம் வரவில்லை. இருபத்தைந்து வருடமாக ஊரையே வாயால் மேய்த்தவளுக்கு ஒரு வார்த்தை வரவில்லை.

மறுபடியும் தட்டினாள். இந்தத் தடவை கோபத்தில் தட்டினாள்.

"கேட்டுக்க. உன் எஜமான் செத்துட்டாரு. வண்டி கவிழ்ந்து நெஞ்சு மேல விழுந்துச்சு. நான் பாத்தேன். நான் போய்ச் சேர்றதுக்குள்ள உயிர் போயிருச்சு. என்னைப் பாத்து ஒரு வார்த்தை சொல்லல. நான்தான் குளிப்பாட்டினேன், நான்தான் சட்டை மாட்டிவிட்டேன். அவரு இனிமே வரமாட்டாரு. வாசல்லயும் இல்ல, கெணத்தடியிலயும் இல்ல. செத்துட்டாரு." மூச்சு வாங்கிக்கொண்டாள். "இனிமே உன் எஜமான் கிரேகோர். அவனை விட்டுரு."

குமுகுமுப்பு நின்றது. கையின் கீழே மரம் மெல்ல மெல்லக் குளிர்ந்துகொண்டே போனது. செத்த அன்று அன்செல்மின் நெற்றி அவள் கையின் கீழே அப்படித்தான் குளிர்ந்தது. இரண்டாம் தடவையாக அவள் விதவையானாள்.

மேலே சிரிப்பு அறுந்தது. பிறகு ஓட்டிலியாவின் ஒப்பாரி எழுந்தது, அன்றைக்குத்தான் சாவுச் செய்தி வந்தது போல. ஹெர்மினா படியேறி வந்தபோது ருடி முகம் வெளுத்து நின்றுகொண்டிருந்தான்.

"தங்கச்சி, என்ன காரியம் பண்ணிட்டேன். செத்தவனைக் கூப்பிடப் பையனை அனுப்பிட்டேனே."

"நீங்க பண்ணல அண்ணே. லாந்தரை எடுங்க."

ஏறினார்கள். ருடியை வழியிலேயே விட்டுவிட்டு ஹெர்மினா முன்னால் போனாள். அந்த வயதில் அந்தச் சரிவை அப்படி ஒருத்தி ஏறியதை நான் பார்த்ததில்லை. இருமல் இல்லை. பனி விழுகிற சத்தம் மட்டும் இருந்தது.

கிரேகோர் பள்ளத்தின் விளிம்பில் உட்கார்ந்திருந்தான். ஒரு கால் மேலே, ஒரு கால் வெறும் காற்றில் தொங்கிக்கொண்டிருந்தது. அவள் பின்னாலிருந்து அவன் மேல்கோட்டுக் காலரை இரண்டு கையாலும் பிடித்து இழுத்து, மல்லாக்கத் தன் மடிமேல் சாய்த்துக்கொண்டாள். குடித்ததெல்லாம் இறங்கிப்போயிருந்தது. அவனுக்கு எல்லாம் தெரிந்திருந்தது.

"அப்பா இங்கதான் நின்னாரும்மா" என்றான், பள்ளத்துக்கு மேல் இருந்த வெற்றுக் காற்றைக் காட்டி. "திரும்பி என்னைப் பாத்தாரு. வாடான்னு கை நீட்டினாரு. நானும் நீட்டினேன். திடீர்னு கீழ நம்ம வீட்டைப் பாத்துட்டு, 'உங்கம்மா சொல்லிட்டா'ன்னாரு. கையை இழுத்துக்கிட்டாரு."

ஹெர்மினா அவன் தலையில் விழுந்த பனியைத் தட்டிவிட்டுக்கொண்டே இருந்தாள்.

"சாவுக்கு வந்தப்பகூட எனக்கு அவரைத் தொட மனசு வரல. இன்னைக்கு இன்னும் ஒரே ஒரு எட்டும்மா. பிடிச்சிருப்பேன்." அவன் குரல் உடைந்தது. "ஏம்மா சொன்ன?"

"நீ பிடிச்சிருப்பேன்னுதான்டா சொன்னேன்."